பள்ளிப்பட்டில் ஊதிய பிகில்

இசையமைத்தவள் தன் இசைக்காக மன்னிப்புக் கேட்க விமானம் ஏறிப் போனதாக நான் எங்கும் கேள்விப்பட்டதில்லை. போன மாதம் நானே போனேன்.

ஈப்போவில் என் வீட்டு மாடி அறையில் உட்கார்ந்து ஆவணப்படங்களுக்கு இசை போடுவது என் பிழைப்பு. கொஞ்ச வருடங்களாக ராணுவத்தினரைப் பற்றிய படங்களாகவே வருகின்றன. எல்லைக்குப் போனவர்கள், ஊர் திரும்பியவர்கள், திரும்பிய பிறகும் நிம்மதியாகத் தூங்காதவர்கள். படம் என்னிடம் வரும்போது பேச்சையெல்லாம் வெட்டி ஒட்டித் தயாராக வைத்திருப்பார்கள். யார் குரல் எங்கே தழுதழுக்கிறதோ அங்கே அடியில் வயலினை மெல்ல நுழைப்பேன். பார்ப்பவர் கண் கலங்கினால் என் வேலை முடிந்தது. இதில் நான் கெட்டிக்காரி என்ற நினைப்பும் எனக்கு உண்டு, மறைப்பானேன்.

இந்தப் படத்தில் ஏகாம்பரம் என்ற முன்னாள் ஹவில்தார் இரண்டரை நிமிடம் பேசுகிறார். இப்போது கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் ஒரு இரும்பு ஆலை வாசலில் காவலர் வேலை. வடக்கே பனிமலையில் தன் கூட்டாளி முனிரத்தினம் செத்துப்போனதைச் சொல்கிறார். அழவில்லை, குரலை உயர்த்தவில்லை, ஒரு பொருள் தொலைந்துபோனதைப் புகார் கொடுப்பதுபோலச் சொல்கிறார். அதற்கு அடியில் நான் பிகில் இசை ஒன்றை வைத்தேன். ராணுவத்தில் ஊதுவார்களே, அந்தப் பித்தளைக் குழல். ஒலி நூலகத்தில் ‘ராணுவ பிகில்’ என்ற பெயரில் கிடந்ததை எடுத்து, நான்கு மடங்கு மெதுவாக்கி, மலையில் எதிரொலிப்பதுபோலச் செய்தேன். கேட்டதும் இயக்குநர் அழுதுவிட்டார்.

வழக்கப்படி அந்தப் பகுதியை ஏகாம்பரத்தின் போனுக்கு அனுப்பி ஒப்புதல் கையெழுத்துக் கேட்டோம். கையெழுத்துக்குப் பதிலாக ஒரு குரல் பதிவு வந்தது. “மேடம், அந்த மியூசிக்கை எடுத்துடுங்க. என் பேச்சையும் எடுத்துடுங்க. எனக்கு வேணாம்.” அவ்வளவுதான். அதற்குப் பிறகு போனை எடுக்கவில்லை.

அவர் இல்லாவிட்டால் படத்தின் நடுப்பகுதியே சரிந்துவிடும். கோலாலம்பூரில் இருக்கும் இயக்குநருக்குத் தமிழ் தெரியாது. “இசையால் வந்த வினை, நீயே போய்ப் பேசு,” என்றார். விசா வாங்கும்போதே எனக்கு ஏகாம்பரத்தின் மேல் கோபம்தான். தமிழ்நாட்டுக்குப் போகிறேன் என்றதும் ஈப்போவில் ஆளாளுக்கு உன் பூட்டன் ஊரைத் தேடப்போகிறாயா என்று கேட்டார்கள். பூட்டன் எந்த ஊரோ எனக்குத் தெரியாது, கவலையும் இல்லை. ஒரு கையெழுத்து வாங்கத்தான் போனேன்.

கும்மிடிப்பூண்டியில் முதல் நாள் காலை ஏழு மணிக்கே வெயில் சுள்ளென்று இருந்தது. எங்கள் ஊரிலும் வெயில் உண்டு, ஆனால் பிற்பகலில் மழை வந்து சமாதானம் செய்துவிட்டுப் போகும். இங்கே அந்தப் பேச்சே இல்லை. சாலை முழுக்கக் கண்டெய்னர் லாரிகள். காட்டுப்பள்ளித் துறைமுகத்துக்குப் போகிறவை ஒரு பக்கம், வருகிறவை ஒரு பக்கம். ஓரத்துச் செடிகளின் இலையெல்லாம் செம்பழுப்புத் தூள்.

ஏகாம்பரத்தைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்தது. படத்தில் பார்த்ததைவிடக் குள்ளம். நீலச் சட்டை, தொப்பி, முகம் தெரியும் அளவுக்குப் பளபளத்த ஷூ. நான் இன்னார் என்று சொன்னேன். என்னை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

“டூட்டில பேசமாட்டேன் மேடம். ரெண்டு மணிக்கு முடியும்,” என்றார்.

“அண்ணே, நான் மலேசியாவுலேருந்து வர்றேன்.”

“எங்கேர்ந்து வந்தாலும் டூட்டி டூட்டிதான மேடம்.”

எதிரே ஒரு டீக்கடை. அங்கே ஏழு மணி நேரம் உட்கார்ந்தேன். ஈப்போவில் என்னைக் காத்திருக்க வைத்தவர்களை நான் சும்மா விட்டதில்லை. இங்கே யாரிடம் சண்டை போடுவது? கடைக்கார அம்மா, “நாஷ்டா துன்னியா? வடகறி கீது, இட்லி கீது,” என்றார். வடகறி என்பது உதிர்த்த வடையை மசாலாவில் வேகவைத்த குழம்பு. இரண்டு இட்லி கேட்டவள் ஆறு தின்றேன். கோபத்தில் எனக்குப் பசி அதிகம்.

பக்கத்து பெஞ்சில் வடநாட்டுத் தொழிலாளர்கள் ஷிப்ட் முடிந்து உட்கார்ந்திருந்தார்கள். ஒருவர் போனில் இந்தியில் பேசிக்கொண்டிருந்தார். ஒரு காலத்தில் இந்திப் படமாகப் பார்த்துத் தள்ளியவள் நான், ஓரளவுக்குப் புரிந்தது. “சாப்பிட்டேன் அம்மா. சாப்பிட்டேன் என்றால் நம்பு. இல்லை, இங்கே பனியெல்லாம் கிடையாது, நெருப்புதான்.” அவர் கை முழுக்கச் சின்னச் சின்னத் தீக்காயங்கள்.

ஏகாம்பரத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். ஒவ்வொரு லாரிக்கும் தடுப்புக் கம்பத்தை உயர்த்தினார், நோட்டில் எழுதினார், கம்பத்தை இறக்கினார். ஏழு மணி நேரத்தில் ஒருமுறைகூட சுவரில் சாயவில்லை. எங்கள் ஊர்க் கடைத்தெருக் காவலர்கள் நாற்காலியோடு பிறந்தவர்கள்.

சரியாக இரண்டு மணிக்கு வந்தார். டீ வேண்டாம் என்றார். போனை எடுத்து என் இசையை ஓடவிட்டார்.

“இது இன்னா கால், எதுக்கு ஊதற பிகில்னு தெரியுமா மேடம்?”

தெரியவில்லை என்றேன்.

“பிகில்ல ஊதற ஒவ்வொண்ணும் ஒரு ஆர்டர். எழுந்திரு, கூடு, கொடிய எறக்கு, எல்லாத்துக்கும் தனித்தனி. இது சாப்பாட்டுக்கு ஊதற கால். லங்கர்ல, அதான் சமையல் கொட்டாயில, சோறு ரெடி, தட்டை எடுத்துகினு வாங்கடானு அர்த்தம்.”

எனக்குக் காது சூடாகிவிட்டது. “ரொம்ப மெதுவாக்கித்தானே வச்சேன், அடையாளமே தெரியாதுன்னு நெனைச்சேன்,” என்று உளறினேன்.

“மெதுவா வாசிச்சா வேற ஆயிடுமா? நான் பதினேழு வருசம் பிகிலர் மேடம். தூக்கத்துல ஊதினாலும் தெரியும்.” போனை அணைத்தார். “நீங்க அனுப்பினதைப் பாத்துகினு இருந்தேன். முனிரத்தினம் செத்ததை நான் சொல்லிகினு கீறேன். சொல்லசொல்லவே என் காலு எழுந்து போவுது மேடம். கை தட்டைத் தேடுது. தேடி எடுத்துட்டேன். என் சம்சாரம் பாத்துட்டா.”

எனக்கு அவமானமாக இருந்தது. இத்தனை ஆண்டுத் தொழிலில் இப்படி ஒரு அசிங்கத்தை நான் செய்ததில்லை. உலகத்தில் வேறு யாருக்கும் தெரியாது. இயக்குநருக்குத் தெரியாது, பார்க்கப்போகிற லட்சம் பேருக்குத் தெரியாது. அந்த அழைப்புக்கு எழுந்து ஓடிய கால்களுக்கு மட்டும்தான் தெரியும். மன்னிப்புக் கேட்டேன். பரவாயில்லை என்றார். அத்தோடு நான் வாயை மூடியிருக்க வேண்டும். என் சுபாவம் விடவில்லை.

“அண்ணே, இறுதி மரியாதைக்கு ஊதுவாங்களே, அதை வச்சுடறேன். நீங்களே ஊதுங்க. பதிவு பண்ணிக்கிறேன்.”

ஏகாம்பரம் எழுந்தார். சைக்கிள் ஸ்டாண்டைத் தட்டினார், ரயில் நிலையத்தைப் பார்த்துப் போய்விட்டார். டீக்கடை அம்மா, “இன்னாமா சொன்ன அந்தாளை?” என்றார். எனக்கே தெரியவில்லை என்றேன்.

மறுநாள் அவருக்கு வார விடுமுறை. வீடு திருப்பாச்சூரில், திருவள்ளூரிலிருந்து கொஞ்ச தூரம்தான். படப்பிடிப்புக் குழுவிடம் விலாசம் இருந்தது. ஏறிய ஷேர் ஆட்டோ பாதி வழியில் காஸ் தீர்ந்து நின்றது. டிரைவர் இறங்கி, “எல்லாரும் ஒரு கை போடுங்கோ,” என்றார். ஒரு கீரைக்கார அம்மா, கல்லூரிப் பெண்கள் இரண்டு பேர், நான். நாலு பேரும் தள்ளினோம். காஸ் பங்க் வரை தள்ளிவிட்டு மறுபடி ஏறி உட்கார்ந்தோம். ஒருவரும் டிரைவரைத் திட்டவில்லை. எங்கள் ஊரில் இந்நேரம் ஐந்து பேர் வீடியோ எடுத்திருப்பார்கள்.

ஏகாம்பரத்தின் மனைவி கௌரி கதவைத் திறந்தார். “நீங்கதான் அந்த மியூசிக்கா? உள்ள வாங்க. நேத்துலேர்ந்து அவரு சரியாவே சாப்புடல,” என்றார். பழவேற்காட்டு நண்டு வாங்கிக் குழம்பு வைத்திருந்தார். நண்டுக் காலை உடைப்பதில் ஈப்போக்காரி யாருக்கும் சளைத்தவள் இல்லை. அதில் கௌரிக்கு என்மேல் கொஞ்சம் மரியாதை வந்தது.

ஏகாம்பரம் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார். கௌரிதான் ஆரம்பித்தார். “சொல்லிடேன்யா. எத்தினி நாளைக்கு நெஞ்சுக்குள்ளயே வெச்சிகினு பேஜாரு பட்டுகினு இருப்ப?”

சொன்னார். முனிரத்தினத்துக்குப் பள்ளிப்பட்டுப் பக்கம். இரண்டு பேரும் ஒரே நாளில் படையில் சேர்ந்தவர்கள். சவப்பெட்டியை ஊருக்குக் கொண்டுவரும் பொறுப்பை ஏகாம்பரமே கேட்டு வாங்கிக்கொண்டாராம். ரயிலில் அதன் பக்கத்திலேயே இருந்து வந்தார்.

“மெட்ராஸ்லேர்ந்து ஊதறதுக்குனு ஒரு ஆளை அனுப்பி இருந்தாங்க மேடம். சுத்தமா ஊதுவான். நான் உடல. என் ஃபிரெண்டுக்கு நான்தான் ஊதுவேன்னு அடம் புடிச்சி, அவன் கையிலேர்ந்து பிகில வாங்கினேன். என் உதடு பனியில வெடிச்சி இருந்தது. தெரியும் எனக்கு. தெரிஞ்சும் வாங்கினேன். கடைசி சொரத்தை நீட்டா இழுக்கணும். இழுக்கசொல்ல ஒடஞ்சிப் போச்சி. ஆட்டுக்குட்டி கத்தின மாதிரி கேட்டுது. அவன் சம்சாரம் எதிர்ல நிக்குது. ஊரே நிக்குது. ஒரு மனுசனுக்கு ஒரு தடவைதான மேடம் அதை ஊதுவாங்க? அதைக் கெடுத்துட்டேன்.”

அதற்குப் பிறகு அவர் பிகிலைத் தொடவில்லை. வேறு வேலை கேட்டு வாங்கிக்கொண்டார்.

“தூங்கசொல்ல உதட்டைக் குவிச்சிகினே கெடப்பாரு. வருசா வருசம் அவங்க ஊட்டுக்குப் போறேன்னு கெளம்புவாரு. திருத்தணி வரிக்கும் போவாரு, திரும்பி வந்துடுவாரு,” என்றார் கௌரி.

கையெழுத்துப் போடாததற்கு என் இசை பாதிக் காரணம்தான் என்று அப்போது புரிந்தது. படம் வெளிவந்தால் முனிரத்தினத்தின் மனைவி பார்ப்பார். என் புருஷனின் கடைசி மரியாதையைக் கெடுத்தவன் இவன்தான் என்று அடையாளம் கண்டுகொள்வார். அந்தப் பயம்.

எனக்குப் பொறுக்கவில்லை. “அவங்க அப்படி நெனைக்கிறாங்கன்னு நீங்களா எப்படி முடிவு பண்ணீங்க? போய்க் கேட்டீங்களா?” என்று சத்தம் போட்டேன். அடுத்தவர் வீட்டில் அவர்கள் சோற்றைத் தின்றுகொண்டே அவர்களையே திட்டுகிறேன் என்பது அப்புறம்தான் உறைத்தது. கௌரி என்னைத் தடுக்கவில்லை.

ஏகாம்பரம் கையைக் கழுவிவிட்டு வந்தார். “முனிரத்தினம் சம்சாரம் சரின்னு ஒரு வார்த்தை சொன்னா கையெழுத்துப் போடறேன். வேணாம்னு சொன்னா நீங்க பேசாம ஊருக்குப் போயிடணும்,” என்றார். சரி என்றேன்.

மூன்றாம் நாள் பள்ளிப்பட்டு பஸ். ஏகாம்பரம் கஞ்சி போட்ட வெள்ளைச் சட்டையில் வந்தார். மடியில் ஒரு பை, அதில் ஆப்பிளும் ஒரு புடவையும். திருத்தணியில் பஸ் நின்றதும் எழுந்தார்.

“மாத்திரையை மறந்துட்டு வந்துட்டேன் மேடம். இன்னொரு நாளு போலாம்.”

நான் பையைப் பிடுங்கி என் காலுக்கடியில் வைத்துக்கொண்டேன். “மாத்திரை பள்ளிப்பட்டுலயும் விப்பாங்க அண்ணே. உக்காருங்க.” கண்டக்டர் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். ஏகாம்பரம் உட்கார்ந்தார்.

அதன்பிறகு கரும்பு ஏற்றிய டிராக்டர் ஒன்று சாலையில் குடைசாய்ந்து ஒரு மணி நேரம் நின்றோம். முன் இருக்கைப் பெண்கள் இருவர் தெலுங்கில் பேசிக்கொண்டார்கள். ஏகாம்பரத்துக்கு அந்தப் பாஷை தெரியும். என்ன சொல்கிறார்கள் என்று கேட்டேன். “மருமவ நல்லவதான், ஆனா ரசத்துல புளி அதிகம் போடறானு சொல்லுது,” என்றார். அன்றைக்கு அவர் பேசிய ஒரே சாதாரண வார்த்தை அதுதான். இறங்கி வழியில் கிடந்த கரும்பில் ஒன்றை எடுத்துக் கடித்தேன். பல் வலித்தது.

முனிரத்தினத்தின் மனைவி ராஜேஸ்வரி, பள்ளிப்பட்டை அடுத்த ஒரு கிராமத்தில் மாவு மிஷின் வைத்திருக்கிறார். நாங்கள் போனபோது மிளகாய் அரைத்துக்கொண்டிருந்தார்கள். வாசலில் டப்பாக்களோடு நாலைந்து பெண்கள். மிஷின் சத்தத்தில் பக்கத்தில் இருப்பவர் பேச்சுகூடக் கேட்கவில்லை. நெடி ஏறி நான் தும்மிக்கொண்டே இருந்தேன். எல்லோருக்கும் கண்ணில் தண்ணீர்.

ராஜேஸ்வரிக்கு ஐம்பதை ஒட்டிய வயது. தலையில் துண்டு கட்டியிருந்தார். நிமிராமலே, “இன்னா அரைக்கணும்?” என்றார்.

ஏகாம்பரம் ஆலை வாசலில் நின்றதுபோலவே விறைப்பாக நின்றார். “நான் ஏகாம்பரம்மா. முனிரத்தினத்தோட இருந்தவன்.” காதில் விழவில்லை. இன்னொரு முறை, கத்திச் சொன்னார்.

ராஜேஸ்வரி கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தார். “பொட்டியோட வந்தீங்களே, அந்த அண்ணனா?”

“ஆமாம்மா.”

“எளைச்சிட்டீங்க.”

பெஞ்சில் உட்காரச் சொன்னார். ஏகாம்பரம் உட்காரவில்லை. வழியெல்லாம் மனப்பாடம் செய்து வந்ததை ஒரே மூச்சில் சொன்னார். நான்தான் ஊதுவேன் என்று அடம் பிடித்தது, உதடு வெடித்திருந்தது, கடைசிச் சுரம் உடைந்தது. “என்னை மன்னிச்சிடும்மா,” என்று முடித்தார்.

ராஜேஸ்வரி குழப்பமாகப் பார்த்தார். “இன்னா ஊதினீங்க?”

“பிகிலும்மா. பொட்டிய எறக்கறதுக்கு முன்னாடி.”

அவர் யோசித்தார். உண்மையாகவே யோசித்தார், நெற்றியைச் சுருக்கிக்கொண்டு. “பிகிலா? அன்னிக்கா? ஊதினாங்களா? எனக்குத் தெரியலியேண்ணா.”

ஏகாம்பரத்தின் முகத்தை அப்போது பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

“எனக்கு அன்னிக்கி நடந்ததுல ஒண்ணுதான் தெரியும்,” என்றார் ராஜேஸ்வரி. குரலைத் தாழ்த்தியதால் மிஷின் சத்தத்தில் குனிந்து கேட்க வேண்டியிருந்தது. “எம் பொண்ணு இடுப்புல இருந்தா. தண்ணி தண்ணினு அழுவறா. நைனா எங்க, நைனா எங்கனு கேக்கறா. அத்தினி பேரு வெறப்பா நிக்கிறாங்க, யாரும் நவுரல. எனக்கு இன்னா ஆச்சின்னு தெரியல, அவளைப் பட்டுனு அடிச்சிட்டேன். வாய் மேலயே. அவ அப்பன் பொட்டில கெடக்கறான், நான் புள்ளைய அடிக்கிறேன். ஊரே பாத்திருக்கும்.” ஏகாம்பரத்தை நேராகப் பார்த்தார். “நீங்க எதிர்லதான இருந்தீங்க. பாத்தீங்களா?”

“இல்லம்மா,” என்றார் ஏகாம்பரம். “நான் பாக்கவே இல்ல. ஊதிகினு இருந்தேன்.”

ஒரே இடத்தில், ஒரே நிமிடத்தில், பத்தடி தூரத்தில் நின்ற இரண்டு பேர். அவர் குற்றம் இவருக்குத் தெரியாது, இவர் குற்றம் அவருக்குத் தெரியாது. இத்தனை வருடம் இரண்டு பேரும் தனித்தனியாகச் சுமந்திருக்கிறார்கள்.

ராஜேஸ்வரி உள்ளே போய் மிஷினை நிறுத்தினார். “இன்னாக்கா, கரண்டு போச்சா?” என்றார் ஒரு பெண். “இருடி,” என்றார். பிறகு ஏகாம்பரத்திடம் வந்தார்.

“நான் கேக்கலண்ணா. இப்ப ஊதிக் காட்டுங்க. கேட்டுக்கறேன்.”

“பிகிலு இல்லியேம்மா.”

“வாயாலதான் ஊதுங்களேன்.”

ஏகாம்பரம் என்னைப் பார்த்தார். நான் தலையாட்டினேனா என்று ஞாபகமில்லை. குதிகாலைச் சேர்த்து வைத்தார். வலது கையைக் குழல்போல மடக்கி உதட்டில் வைத்து ஊதினார். மூச்சும் குரலும் கலந்த சத்தம். டப்பா வைத்திருந்த பெண்கள் ஒவ்வொருவராக எழுந்து நின்றார்கள். கடைசிச் சுரத்துக்கு முன்னால் நின்றுவிட்டார். மூச்சை இழுத்துக்கொண்டு அதையும் ஊதினார். அது உடைந்தது. உடைந்த பிறகும் விடாமல், மூச்சு தீரும்வரை இழுத்து முடித்தார்.

ராஜேஸ்வரி கொஞ்ச நேரம் காத்திருந்தார். “முடிஞ்சிச்சா?”

“முடிஞ்சிச்சிம்மா.”

“இதுக்காண்ணா இத்தினி வருசமா வராம இருந்தீங்க?”

ஏகாம்பரம் பெஞ்சில் உட்கார்ந்து வாய்விட்டு அழுதார். ராஜேஸ்வரி பக்கத்தில் உட்கார்ந்தார். அவரும் அழுதார். நானும் அழுதேன், மிளகாய் நெடி என்று சொல்லித் தப்பிக்க மாட்டேன். வெகுநேரம் கழித்து ஒரு பெண் தயங்கித் தயங்கி, “அக்கா, என்னுது அரை டப்பாதான்,” என்றார். ராஜேஸ்வரி மூக்கைச் சிந்திவிட்டு எழுந்து மிஷினைப் போட்டார். எங்களைச் சோறு தின்னாமல் விடவில்லை. தின்னும்போது படத்தைப் பற்றிச் சொன்னேன், “அண்ணன் பேசறது வரட்டுமே,” என்றார்.

திரும்பும் பஸ்ஸில் ஏகாம்பரம் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். பஸ் குலுங்கியதில் எழுத்து கோணலாக விழுந்தது. வேறு தாளில் போடட்டுமா என்று கேட்டார். இதுவே போதும் என்றேன்.

“அந்த எடத்துல இன்னா மியூசிக் வெக்கப் போறீங்க மேடம்?”

“ஒண்ணும் வைக்கமாட்டேன் அண்ணே.”

ஜன்னல் பக்கம் திரும்பிக் கரும்புக் கொல்லைகளைப் பார்த்துக்கொண்டே வந்தார். திருத்தணி தாண்டியபின் பதில் சொன்னார்.

“அதான் மேடம் சரி. அன்னிக்கி அங்க யாரு காதுலயும் எதுவும் உழல.”